நின்று ஆடும் ஆட்டமும் மோதி ஆடும் ஆட்டமும்: மூன்று படவரலாற்று நூல்கள்

அமெரிக்காவின் தொழில்முறை விளையாட்டுகளைப் பற்றிய படவரலாற்று நூல்கள் பெரும்பாலும் இரண்டு வகைக்குள் அடங்கிவிடுகின்றன. வழவழப்பான தாளில் படங்களைப் பெரிதாக அச்சிட்டு, அடியில் ஆட்டக்காரரின் பெயரையும் ஆண்டையும் குறிப்பதோடு நின்றுவிடுபவை ஒரு வகை. புள்ளிவிவரங்களை அடுக்கிவிட்டு, மிச்சமுள்ள இடத்தில் படங்களை ஒட்டிவைப்பவை மற்றொரு வகை. படமும் எழுத்தும் ஒன்றையொன்று தாங்கி நிற்கும் நூல்கள் குறைவு. பேஸ்பாலைப் பற்றி இரண்டும் அமெரிக்கக் கால்பந்தைப் பற்றி ஒன்றுமாக மூன்று நூல்களை இங்கே மதிப்பிடுகிறேன். இவற்றை அடுத்தடுத்துப் படித்தபோது எனக்குத் தெளிவானது இதுதான்: ஒரு விளையாட்டின் படவரலாறு எப்படி அமையும் என்பதைப் பதிப்பாசிரியரின் திறமை மட்டும் தீர்மானிப்பதில்லை, அந்த விளையாட்டின் இயல்பும், அந்தந்தக் காலத்தில் கேமரா யார் பக்கம் திரும்பியிருந்தது என்பதும் சேர்ந்தே தீர்மானிக்கின்றன.

முதல் நூல், ஜெஃப்ரி வார்டும் கென் பர்ன்ஸும் சேர்ந்து உருவாக்கி, நாஃப் பதிப்பகம் 1994இல் வெளியிட்ட ‘பேஸ்பால்: ஆன் இல்லஸ்ட்ரேட்டட் ஹிஸ்டரி’. பர்ன்ஸ் இயக்கி, பொதுத் தொலைக்காட்சியில் 18 மணி நேரத்துக்கும் மேலாக ஓடிய ஆவணப்படத் தொடரின் துணைநூல் இது. அந்தத் தொடர் 1994 செப்டம்பரில் ஒளிபரப்பானபோது அமெரிக்காவில் தொழில்முறைப் பேஸ்பாலின் முதன்மை ஆட்டங்கள் எதுவுமே நடக்கவில்லை. ஆகஸ்ட் 12 அன்று ஆட்டக்காரர்கள் தொடங்கிய வேலைநிறுத்தத்தால் பருவம் பாதியில் நின்று, 1904க்குப் பிறகு முதல் முறையாக, பருவத்தின் இறுதிப் பட்டப் போட்டியான வேர்ல்ட் சீரிஸே கைவிடப்பட்டிருந்தது. ஆட்டம் இல்லாத இலையுதிர் காலத்தில் ஆட்டத்தின் கடந்த காலத்தை வீடு வீடாகக் கொண்டுபோய்ச் சேர்த்ததனால் கிடைத்த வரவேற்பில் ஒரு பங்கு அந்தத் தற்செயலுக்கும் உரியது என்றே சொல்ல வேண்டும்.

ஒரு பேஸ்பால் ஆட்டத்துக்கு ஒன்பது இன்னிங்ஸ் என்பதால் நூலும் ஒன்பது இயல்களாகப் பகுக்கப்பட்டிருக்கிறது. முதல் இயல் தொடக்க காலம் முதல் 1900 வரை செல்கிறது. அதன் பிறகு ஏறத்தாழ ஒவ்வொரு பத்தாண்டுக்கும் ஓர் இயல். இடையிடையே வேறு எழுத்தாளர்களின் கட்டுரைகளும் நேர்காணல்களும் வருகின்றன. இந்த அமைப்பு பார்ப்பதற்கு விளையாட்டுத்தனமாகத் தோன்றினாலும் வாசிப்புக்கு உதவவே செய்கிறது. இயல்கள் நீளமானவை, எந்தப் பக்கத்தைத் திறந்தாலும் எந்தக் காலத்தில் நிற்கிறோம் என்பது உடனே பிடிபடுகிறது.

கிரிக்கெட்டை அறிந்த தமிழ் வாசகருக்கு முதல் இயலே மிகவும் சுவையானதாக இருக்கும். ஆப்னர் டபுள்டே என்ற படைத்தளபதி 1839இல் நியூயார்க் மாநிலத்தின் கூப்பர்ஸ்டவுனில் இந்த விளையாட்டைக் கண்டுபிடித்தார் என்று 1905இல் அமைக்கப்பட்ட ஒரு குழு முடிவுகட்டியது. அந்த முடிவுக்கு ஆதாரமே இல்லை. ஆனாலும் பேஸ்பாலின் புகழ்மிக்கோர் மண்டபம் 1939இல் அதே ஊரில்தான் திறக்கப்பட்டது. ஆங்கிலேயரிடமிருந்து வந்த மட்டைப் பந்து விளையாட்டுகளே பேஸ்பாலுக்கு மூலம் என்பதை ஏற்க விரும்பாத தேசப்பற்றுக்கு இதைவிட நல்ல நினைவுச்சின்னம் இருக்க முடியாது. இந்த ஆட்டத்தைத் தொழிலாக்கியவரும் ஒரு கிரிக்கெட் ஆட்டக்காரர்தான். இங்கிலாந்தின் ஷெஃபீல்டில் பிறந்து, நியூயார்க்கின் செயின்ட் ஜார்ஜ் கிரிக்கெட் கிளப்பில் ஆடிய ஹாரி ரைட், 1869இல் சின்சினாட்டி ரெட் ஸ்டாக்கிங்ஸ் அணியை வெளிப்படையாகச் சம்பளம் கொடுத்து அமைத்தார்; அணியின் நட்சத்திரமான அவருடைய தம்பி ஜார்ஜுக்கு அந்தப் பருவத்துக்கு 1,400 டாலர் கிடைத்தது; அந்த ஆண்டு முழுவதும் அணி தோல்வியே காணவில்லை. ஆட்டத்தின் முழு விவரத்தையும் ஒரு சிறு கட்டத்துக்குள் எண்களாகச் சுருக்கிக் கொடுக்கும் பழக்கத்தை வளர்த்த ஹென்றி சாட்விக்கும் இங்கிலாந்தில் பிறந்து, கிரிக்கெட் செய்தியாளராக இருந்து, பேஸ்பாலுக்கு வந்தவரே.

ஆனால் நூலின் உயிர் படங்களில் இருக்கிறது. பேஸ்பாலைப் போலக் கேமராவுக்கு இடம் கொடுக்கும் குழு விளையாட்டு வேறு இருக்குமா என்பது ஐயமே. பந்தை வீசுபவர் மேட்டின் மேல் தனியே நிற்கிறார். மட்டையாளர் அவருக்கு எதிரே தனியே நிற்கிறார். ஒவ்வொரு வீச்சுக்கும் இடையே போதிய இடைவெளி இருக்கிறது. ஓடுபவர் எந்த இடத்தை நோக்கி ஓடி வருவார் என்பது முன்கூட்டியே தெரியும். முகத்தை மறைக்கும் கவசம் பந்து பிடிப்பவர் ஒருவரைத் தவிர வேறு யாருக்கும் இல்லை. கனமான கண்ணாடித் தகடுகளைச் சுமந்துகொண்டு, ஒவ்வொரு படத்துக்கும் தகட்டை மாற்ற வேண்டியிருந்த காலத்திலேயே பேஸ்பாலில் தலைசிறந்த படங்கள் எடுக்கப்பட்டதற்கு இதுவே காரணம்.

அப்படிப் படம் எடுத்தவர்களில் முதலில் சொல்ல வேண்டியவர் சார்லஸ் கான்லன். நியூயார்க்கின் ஒரு நாளிதழில் மெய்ப்புத் திருத்துபவராக வேலை பார்த்தபடி, 1904 முதல் 1942 வரை ஓய்வு நாட்களில் மைதானங்களுக்குச் சென்று ஆட்டக்காரர்களைப் படமெடுத்தார். 1910இல் டெட்ராய்ட் அணியின் டை காப், ஓடுபவர் தொட வேண்டிய இடங்களில் ஒன்றான மூன்றாம் பேஸை நோக்கி மண்ணைக் கிளப்பிக்கொண்டு சறுக்கி வர, அங்கே நின்ற ஜிம்மி ஆஸ்டின் நிலைதடுமாறும் அவருடைய படம், பேஸ்பாலைப் பற்றிய படநூல்கள் தவிர்க்கவே முடியாதது. ஆஸ்டினுக்கு அடிபட்டுவிட்டதோ என்ற பதற்றத்தில், அந்தக் கணத்தில் தாம் படம் எடுத்தோமா இல்லையா என்பதே கான்லனுக்கு நிச்சயமாகத் தெரியவில்லை. எதற்கும் இருக்கட்டும் என்று தகட்டை மாற்றிவைத்ததால்தான் படம் தப்பியது. அதே அளவுக்குப் புகழ்பெற்ற இன்னொரு படம் 1948 ஜூன் 13 அன்று யாங்கி மைதானத்தில் நாட் ஃபைன் எடுத்தது. நோயுற்றிருந்த, யாங்கீஸ் அணியின் முன்னாள் நட்சத்திரம் பேப் ரூத் தமது 3ஆம் எண் சட்டையை அணிந்து கடைசி முறையாக அங்கே வந்து, ஒரு மட்டையை ஊன்றி நின்றார். மற்றப் படப்பிடிப்பாளர்கள் முன்னால் நின்று முகத்தை எடுக்க, ஃபைன் பின்பக்கம் போய் முதுகை எடுத்தார். இரண்டு மாதங்களில் ரூத் இறந்தார்; படத்துக்கு மறு ஆண்டு புலிட்சர் பரிசு கிடைத்தது. இத்தகைய படங்களுக்கு அருகில் எழுத்து அடக்கமாக இருக்க வேண்டும். வார்டின் உரைநடையில் அந்த அடக்கம் பெரும்பாலும் இருக்கிறது.

நிற வேற்றுமையை நூல் ஒரு தனி அத்தியாயமாக ஒதுக்கிவிடாமல் முழு வரலாற்றின் முதுகெலும்பாக வைத்திருப்பது என் பார்வையில் இதன் மிகப் பெரிய சிறப்பு. 1884இல் டொலீடோ அணிக்காக ஆடிய மோசஸ் ஃப்ளீட்வுட் வாக்கருக்குப் பின் கறுப்பினத்தவருக்குக் கதவு அடைக்கப்பட்டதும், 1947 ஏப்ரல் 15 அன்று புரூக்ளினில் கறுப்பினத்தவரான ஜாக்கி ராபின்சன் களமிறங்கியதும் ஒரே கதையின் இரு முனைகளாகச் சொல்லப்படுகின்றன. கறுப்பினத்தவர் அணியான கான்சஸ் சிட்டி மோனார்க்ஸில் ஆடிய பக் ஓ’நீலின் நேர்காணலை மட்டும் தனியே எடுத்துப் படித்தாலும் நூலுக்குக் கொடுத்த விலை தகும். தமக்காக யாரும் இரக்கப்படத் தேவையில்லை என்று அவர் பேசும் தொனி, பாதிக்கப்பட்டவராகவே அவரைப் பார்க்க வந்த வாசகரை நிமிர்ந்து உட்கார வைக்கிறது.

குறை இல்லாமல் இல்லை. நியூயார்க்கின் மேல் நூலுக்கு இருக்கும் காதல் சில இடங்களில் சலிப்பூட்டுகிறது. 1950களைப் பற்றிய ஏழாம் இயலுக்குப் ‘பேஸ்பாலின் தலைநகரம்’ என்றே பெயர். யாங்கீஸ், டாட்ஜர்ஸ், ஜயன்ட்ஸ் ஆகிய மூன்று நியூயார்க் அணிகள் அந்தப் பத்தாண்டில் கோலோச்சியது உண்மைதான்; அதற்காகச் செயின்ட் லூயிஸிலும் டெட்ராய்ட்டிலும் சிறு நகர அணிகளிலும் ஆட்டத்தைத் தொடர்ந்த கோடிக்கணக்கானவர்கள் விளிம்புக்குப் போயிருக்க வேண்டியதில்லை. கரீபியன் நாடுகளிலிருந்து வந்த ஆட்டக்காரர்களுக்கும் இன்னும் இடம் கொடுத்திருக்கலாம். 1970க்குப் பிறகான காலம் ஓட்டமும் நடையுமாகக் கடந்து போகிறது. வேறு அணிக்கு மாற்றப்படுவதை 1969இல் எதிர்த்து, உச்ச நீதிமன்றம் வரை சென்று 1972இல் தோற்ற கர்ட் ஃப்ளட்டின் போராட்டமும், 1975இல் ஆட்டக்காரர்கள் தாம் விரும்பும் அணிக்குச் செல்லும் உரிமையைப் பெற்றதும், 1994 வேலைநிறுத்தத்தைப் புரிந்துகொள்ள அடிப்படையானவை என்பதால், பழுப்பு நிறப் படங்களுக்குக் கிடைத்த பொறுமையில் பாதியாவது இவற்றுக்குக் கிடைத்திருக்க வேண்டும். 2010இல் வந்த விரிவாக்கப் பதிப்பில் பத்தாவது இயல் ஒன்று சேர்க்கப்பட்டிருக்கிறது. வேலைநிறுத்தத்தையும் ஊக்கமருந்து விவகாரத்தையும் அறிய அதுதான் வேண்டும். வாங்குபவர்கள் பதிப்பைப் பார்த்து வாங்குவது நல்லது.

இரண்டாவது நூலான ‘75 சீசன்ஸ்’ அமெரிக்கக் கால்பந்தின் தேசிய லீக் தனது 75ஆவது பருவத்தை ஒட்டி 1994இல் கொண்டுவந்த அதிகாரபூர்வமான வரலாறு. பல விளையாட்டு எழுத்தாளர்கள் சேர்ந்து எழுதியது. பெரிய அளவு, கண்ணைப் பறிக்கும் வண்ணப் படங்கள். இருந்தும் பேஸ்பால் நூலுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் இது தோற்றுப்போகிறது. அந்தத் தோல்வியில் ஒரு பகுதி ஆட்டத்துக்கு உரியது.

அமெரிக்கக் கால்பந்தில் பக்கத்துக்குப் பதினோரு பேர் ஒரே கணத்தில் ஒருவர் மேல் ஒருவர் மோதுகிறார்கள். பந்து எங்கே இருக்கிறது என்பதை மறைப்பதே உத்தியின் பாதி. முகங்கள் ஹெல்மெட்டுக்கும் கம்பிக்கும் பின்னால் இருக்கின்றன. நான்கு முயற்சிகளில் 10 கெஜம் முன்னேற வேண்டும் என்ற விதியை அறியாத வாசகருக்கு அச்சிட்ட படத்தில் தெரிவது ஒரு மனிதக் குவியல் மட்டுமே. விதிகளை அறிமுகப்படுத்தும் ஒரே ஒரு பக்கமாவது முன்னால் இருந்திருந்தால் வெளிநாட்டு வாசகர் பிழைத்துக்கொள்வார். ஆனால் லீக் தன் ரசிகர்களை மனத்தில் வைத்துக் கொண்டுவந்த நூல் இது. அவர்களுக்கு அந்தப் பக்கம் தேவையில்லை.

தொடக்க காலத்தின் வரலாறு, படத்தைவிடக் காகிதத்தில்தான் நன்றாகத் தெரிகிறது. 1892 நவம்பர் 12 அன்று பிட்ஸ்பர்க் அருகே ஓர் ஆட்டத்துக்காக வில்லியம் ஹெஃபல்ஃபிங்கருக்கு 500 டாலர் கொடுக்கப்பட்டதைக் காட்டும் கணக்கேட்டுப் பக்கமே தொழில்முறைக் கால்பந்தின் பிறப்புச் சான்றிதழாகக் கருதப்படுகிறது. லீக் பிறந்ததோ 1920 செப்டம்பர் 17 அன்று ஓஹையோவின் கேன்டனில் இருந்த ஒரு கார் விற்பனைக் கூடத்தில். நாற்காலிகள் போதாமல் அணி முதலாளிகள் கார்களின் படிப்பலகைகளில் உட்கார்ந்து பேசினார்கள். 1932இல் கடுங்குளிரால் சிகாகோ அணியின் பட்டத் தீர்மான ஆட்டம் உள்ளரங்குக்கு மாற்றப்பட்டு, 80 கெஜமே நீளமிருந்த களத்தில் நடந்ததும், அதில் எழுந்த ஒரு சர்ச்சையை அடுத்து, ஒவ்வொரு முயற்சியும் தொடங்கும் கோட்டுக்குப் பின்னால் எங்கிருந்தும் பந்தை முன்னோக்கி எறியலாம் என்று விதி திருத்தப்பட்டதும் இன்றைய ஆட்டத்தின் உருவத்தையே மாற்றிய நிகழ்வுகள். சுவையான கதைகள்தாம் எல்லாம். படமாகப் பார்க்கத்தான் வழி குறைவு.

இந்த ஆட்டத்தில் பெரும்புகழ் பெற்ற படங்கள் ஆட்டம் நின்றுபோன கணங்களில் எடுக்கப்பட்டவையாக இருப்பது தற்செயல் அல்ல. 1964 செப்டம்பர் 20 அன்று பிட்ஸ்பர்க்கில் நியூயார்க் ஜயன்ட்ஸ் அணியின் மூத்த குவாட்டர்பேக் (பந்தை எறிந்து ஆட்டத்தை நடத்துபவர்) ஒய். ஏ. டிட்டில் அடித்து வீழ்த்தப்பட்டார். ஹெல்மெட் கழன்று, வழுக்கைத் தலையில் ரத்தம் வழிய, முழங்காலிட்டு வெறித்துப் பார்த்தபடி இருந்த அவரை மோரிஸ் பெர்மன் படமெடுத்தார். அவருடைய நாளிதழ் அதை வெளியிட மறுத்துவிட்டது. படத்தில் ஆட்டமே இல்லை என்பது ஆசிரியர் குழுவின் எண்ணம். இன்று அந்தப் படம் கேன்டனில் உள்ள புகழ்மிக்கோர் மண்டபத்தில் இருக்கிறது. 1958 டிசம்பர் 28 அன்று பால்டிமோர் அணி கூடுதல் நேரத்தில் நியூயார்க்கை 23க்கு 17 என வென்றபோது ஆலன் அமீச்சி எல்லைக்கோட்டைக் கடப்பதை நேர் எதிரே நின்று எடுத்த நீல் லைஃபருக்கு அன்றுதான் 16 வயது நிறைந்திருந்தது. சக்கர நாற்காலிகளில் வந்த முன்னாள் படைவீரர்களைத் தள்ளிக்கொண்டு மைதானத்துக்குள் வந்தவர் அவர். கால்பந்தில் இப்படி ஒரு திறந்த வெளி கேமராவுக்குக் கிடைப்பது அரிது.

மறுபுறம் 1972 டிசம்பர் 23 அன்று ஃப்ராங்கோ ஹாரிஸ் தரையை எட்டவிருந்த பந்தைப் பிடித்து ஓடிப் பிட்ஸ்பர்க்கை வெற்றிபெற வைத்த கணத்தை எடுத்துக்கொள்வோம். அதற்கு முன் பந்து எந்த ஆட்டக்காரரின் மேல் பட்டுத் தெறித்தது என்பதில்தான் அந்த ஆட்டத்தின் முடிவே தங்கியிருந்தது. எடுக்கப்பட்ட படச்சுருள் எதுவும் அதை ஐயமின்றிக் காட்டவில்லை. எனவே இந்த விளையாட்டின் உண்மையான படவரலாறு நூலில் இல்லை, திரைச்சுருளில் இருக்கிறது என்பது என் முடிவு. 1962 இறுதி ஆட்டத்தைப் படம்பிடிக்கும் உரிமையை 3,000 டாலருக்கு வாங்கிய எட் சேபல் தொடங்கிவைத்த நிறுவனம், மெதுவாகச் சுழலும் பந்தையும் மூச்சுப் புகையையும் காட்டி, ஒரு தலைமுறைக்கே இந்த ஆட்டத்தைப் பார்க்கக் கற்றுக்கொடுத்தது. அச்சு நூல் அந்த இடத்தை எட்ட முடியாது.

அதிகாரபூர்வ நூலுக்கே உரிய கட்டுப்பாடும் இதில் உண்டு. 1934 முதல் 1945 வரை லீக்கில் கறுப்பின ஆட்டக்காரர் ஒருவர்கூட இல்லை. 1946இல் கென்னி வாஷிங்டனும் உடி ஸ்ட்ரோடும் லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸில் சேர்ந்த பிறகே நிலை மாறியது. 1920களில் ஃப்ரிட்ஸ் பொலார்ட் போன்றவர்கள் ஆடியும் அணியைப் பயிற்றுவித்தும் இருந்த ஒரு லீக்கில் கதவு ஏன் மூடியது என்ற கேள்வியைக் கடைசிவரை விடாமல் துரத்துவது, லீக்கின் பெயரைத் தாங்கி வரும் நூலுக்கு எளிதல்ல. தலைக்காயம் பற்றிய பேச்சுக்கும் நூல் வந்த காலத்தில் இடமில்லை. 1970களின் பிட்ஸ்பர்க் வெற்றிகளில் நடுவரிசையில் நின்ற மைக் வெப்ஸ்டர் 2002இல் இறந்தபின், அவருடைய மூளையை மருத்துவர் பென்னட் ஒமாலு ஆராய்ந்து, தலையில் பட்ட அடிகளால் அது பாதிக்கப்பட்டிருந்தது என்ற முடிவை 2005இல் வெளியிட்டார். அதை அறிந்தவர் இந்த நூலின் மோதல் படங்களை 1994இல் பார்த்தவரைப் போல இப்போது பார்க்க முடியாது.

மூன்றாவது நூலான கடீர் நெல்சனின் ‘வீ ஆர் த ஷிப்’ 2008இல் வந்தது. 1920இல் கான்சஸ் சிட்டியில் ரூப் ஃபாஸ்டர் தொடங்கிய நீக்ரோ நேஷனல் லீக்கின் கதையை, எண்ணெய் வண்ண ஓவியங்களோடு, பெயர் சொல்லாத ஒரு பழைய ஆட்டக்காரரின் குரலில், ‘நாங்கள்’ என்று பேசிச் சொல்கிறது. எட்டு வயதுக் குழந்தையும் படிக்கலாம். ஆனால் பின்குறிப்புகளும் சொல்லடைவும் உள்ள முறையான வரலாறு. முன்னுரை எழுதிய பேஸ்பால் நட்சத்திரம் ஹாங்க் ஆரனே 1952இல் கறுப்பினத்தவர் அணியொன்றில் தொழில்முறை ஆட்டத்தைத் தொடங்கியவர்.

பெரிய லீக்குகளின் பக்கம் ஓயாமல் திரும்பியிருந்த கேமராக்கள் இந்த அணிகளின் பக்கம் அரிதாகவே திரும்பின. கிடைத்த படங்களிலும் வரிசையாக நின்று எடுத்த குழுப்படங்களே மிகுதி. அந்த வெற்றிடத்தை நெல்சன் தூரிகையால் நிரப்புகிறார். அட்டையில் இந்த லீக்குகளின் புகழ்பெற்ற மட்டையாளர் ஜோஷ் கிப்சன் மலைபோல் நிற்கிறார். 1924இல் கான்சஸ் சிட்டி மோனார்க்ஸும் ஹில்டேலும் மோதிய முதல் கறுப்பினத்தவர் வேர்ல்ட் சீரிஸுக்காக இரு அணியினரும் மைதானத்தில் அணிவகுத்த காட்சி, மடிப்பை விரித்தால் நீளமாக ஓடுகிறது. முகம் முகமாகப் பார்த்துக்கொண்டே போகலாம். 1930இல் லாரிகளில் விளக்குக் கம்பங்களை ஏற்றிக்கொண்டு ஊர் ஊராகச் சென்று மோனார்க்ஸ் இரவு ஆட்டம் ஆடியது பெரிய லீக்குகள் அதைச் செய்வதற்கு ஐந்து ஆண்டுகளுக்கு முன்பு.

ஒரு நெருடலைச் சொல்லியாக வேண்டும். எல்லா ஆட்டக்காரரையும் கீழிருந்து நிமிர்ந்து பார்க்கும் கோணத்தில் வரைந்திருப்பதால் எல்லோரும் வீரச்சிலைகள் ஆகிவிடுகிறார்கள். தங்க அறை மறுக்கப்பட்டுப் பேருந்திலேயே உறங்கியதும், ஒரே நாளில் இரண்டு மூன்று ஆட்டங்கள் ஆடியதும் எழுத்தில் இருக்கின்றன. அந்தக் களைப்பு ஓவியத்தின் தோள்களில் போதிய அளவு இறங்கவில்லை. ஆனாலும் மூன்று நூல்களில் ஒன்றை மட்டும் வைத்துக்கொள்ளச் சொன்னால் இதைத்தான் எடுப்பேன். 2020இல் பேஸ்பாலின் மேலாண்மை நிறுவனம் இந்த லீக்குகளைப் பெரிய லீக்குகளாக ஏற்று, 2024இல் அவற்றின் கணக்குகளைத் தன் பதிவேட்டில் சேர்த்தபோது, வாழ்நாள் மட்டைச் சராசரியில் .372 பெற்ற கிப்சன், டை காபை முந்தி முதலிடத்துக்கு வந்தார். முதல் நூலின் பழைய பதிப்பை வைத்திருப்பவர்கள் அதில் வரும் சாதனை எண்களை இதை மனத்தில் கொண்டே படிக்க வேண்டும்.

வாங்கும் வரிசையைக் கேட்டால், வீட்டில் பள்ளிக் குழந்தை இருப்பவர்கள் நெல்சனில் தொடங்கலாம். கிரிக்கெட் வரலாற்றில் ஈடுபாடு உள்ளவர்கள் நேரே வார்டு–பர்ன்ஸ் நூலுக்குப் போகலாம், அதுவும் கெட்டி அட்டைப் பதிப்பாக, ஏனென்றால் இரு பக்கம் விரியும் படங்களை மெல்லிய அட்டை நூலில் முழுதாகத் திறந்து பார்க்க முடிவதில்லை. ‘75 சீசன்ஸ்’ பழைய புத்தகக் கடைகளில் தேட வேண்டிய நூல். விதிகளைத் தெரிந்துகொண்டு, நூலகத்தில் ஒரு பிற்பகல் புரட்டிப் பார்ப்பதே அதற்குப் போதும்.